சினிமாவும் வெண்மணித் தீயும்

(காரைக்காலில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சினிமா வெறும் பொழுதுபோக்குத்தானே, அதைப்பற்றி மேடையில் பேசுவானேன் என்று சிலர் கேட்கலாம். நரகாசுரன் என்பவனைக் கொன்றதாகப் புராணம் சொல்லிற்று. கொல்லப்பட்டவன் கட்சியை எவரும் கேட்கவில்லை. இன்றும் எண்ணெய் தேய்த்து முழுகிப் பட்சணம் தின்கிறார்கள். கொலையை நினைப்பதும் மறப்பதும் கதை சொல்லுகிறவன் கையிலிருக்கிறதென்பதற்கு இதைவிட ருஜு வேண்டுமா? அன்று புராணம் செய்த வேலையை இன்று சினிமா செய்கிறது.

இங்கிருந்து நாகூர், நாகை தாண்டிக் கீழ்வேளூர் பக்கம் போனால் கீழ்வெண்மணி. 1968 டிசம்பர் 25 இரவு, உயிருக்குப் பயந்து ராமையாவின் குடிசைக்குள் புகுந்த தாழ்த்தப்பட்ட மக்கள் 44 பேர் அங்கே கொளுத்தப்பட்டார்கள். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். அவர்கள் செய்த குற்றமென்ன? கூலி கொஞ்சம் கூடுதலாகக் கேட்டார்கள். செங்கொடியை விட மறுத்தார்கள். 1970-ல் கீழ்க்கோர்ட்டு மிராசுதாரர்களைத் தண்டித்தது. 1973-ல் சென்னை ஹைகோர்ட்டோ, இவ்வளவு பெரிய பணக்காரர்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைப்பார்களா என்று சந்தேகப்பட்டு விடுதலை செய்துவிட்டது!

கோர்ட்டு கைவிட்டதைக் கதையாவது காப்பாற்றிற்றா? இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவலுக்கு 1977-ல் சாகித்ய அகாதமி பரிசு கிடைத்தது; அதிலிருந்து 1983-ல் 'கண் சிவந்தால் மண் சிவக்கும்' என்ற படம் வந்தது. நாவலில் கூலிச் சண்டையைவிட மிராசுதாரரின் ஆண்மைக் குறை பெரிதாகிவிட்டது. ஒருவனுடைய உடற்கோளாறால் 44 பேர் வெந்தார்களென்றால், ஜாதிக்கும் நிலத்துக்கும் பொறுப்பில்லாமல் போகிறதல்லவா?

2019-ல் வெற்றிமாறனின் 'அசுரன்' வந்தது. அந்தப் பெயர் வைத்ததற்கே பாராட்டுகிறோம். குடிசைகள் எரியும் காட்சியில் வெண்மணியைக் கண்டு நாமும் அழுதோம். ஆனால் அங்கே கதாநாயகன் வெட்டிப் பழிதீர்க்கிறான். நாம் கைதட்டிவிட்டுக் கணக்குத் தீர்ந்ததென்று வீடு திரும்புகிறோம். வெண்மணிக்கு அன்றிரவு கதாநாயகன் எவனும் வரவில்லை. 1980-ல் மிராசுதாரர் கோபாலகிருஷ்ண நாயுடு கொல்லப்பட்ட பிறகும் சேரி சேரியாகத்தான் இருந்தது. 2005-ல் பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த 'ராமையாவின் குடிசை'யில் கதாநாயகனில்லை, கண்டவர்களே பேசுகிறார்கள். நம்மில் எத்தனை பேர் அதைப் பார்த்தோம்?

ஆகவே தோழர்களே! படம் பார்க்கவேண்டாமென்று சொல்ல வரவில்லை. பார்த்தபின், கொளுத்தினவன் யார், எதற்காகக் கொளுத்தினான், எந்தச் சட்டம் அவனை விட்டது என்று கேளுங்கள். திரையில் எரியும் குடிசைக்கு அழுதுவிட்டு, ஊர்ச் சுடுகாடு வேறு, சேரிச் சுடுகாடு வேறு என்று வைத்துக் கொண்டிருப்போமானால், நம் கண்ணீருக்கு என்ன விலை?