ஆல்தியா கிப்சன் பேச மறுத்த வசனம்



டென்னிஸ் களத்தில் உலகை வென்று, பின்னர் திரைப்படத்தில் நடித்த ஆல்தியா கிப்சன் என்னும் அம்மையாரைப் பற்றிச் சில சொற்கள் கூற விழைகிறோம்.

1927-இல் அமெரிக்காவின் தென் கரோலினாவில், வாரத்திற்குப் பருத்தி பயிரிட்ட கறுப்பினக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். வளர்ந்தது நியூயார்க்கின் ஹார்லெமில். தெருவில் மட்டைப் பந்து ஆடிய சிறுமியின் திறமையைக் கண்ட அக்கம்பக்கத்தார், தமக்குள் பணம் திரட்டி டென்னிஸ் மன்றம் ஒன்றில் சேர்த்தனர். பின்னர் ஈட்டன், ஜான்சன் என்னும் இரு கறுப்பின மருத்துவர்கள் அவரைப் பொறுப்பேற்றனர். ஈட்டன் தம் இல்லத்திலேயே தங்க வைத்து, விட்டுப்போன பள்ளிப் படிப்பை முடிக்கச் செய்தார். ஆட்டம் மட்டும் போதும் என்று அவர்கள் விட்டுவிடவில்லை. 1953-இல் ஆல்தியா பட்டதாரியானார்.

1950 வரை அமெரிக்கத் தேசியப் போட்டியின் கதவு அவருக்குத் திறக்கவில்லை. வெள்ளையரான முன்னாள் வீராங்கனை ஆலிஸ் மார்பிள் அந்த அநீதியைக் கண்டித்து ஏட்டில் எழுதிய பிறகே திறந்தது. 1957, 1958 இரண்டு ஆண்டுகளிலும் விம்பிள்டனையும் அமெரிக்கப் பட்டத்தையும் வென்றார். எலிசபெத் அரசியார் கையால் பரிசு பெற்றார். ஆனால் அந்நாளில் அப்போட்டிகளில் பரிசுப் பணம் கிடையாது. வெள்ளித் தட்டை வைத்துக்கொண்டு வீட்டு வாடகை கொடுக்க முடியுமா?

பிழைப்புக்கு வழி தேடியவருக்கு, 1959-இல் வெளியான ‘தி ஹார்ஸ் சோல்ஜர்ஸ்’ படத்தில் வாய்ப்பு வந்தது. இயக்குநர் ஜான் ஃபோர்டு. கதாநாயகர் ஜான் வெய்ன். உள்நாட்டுப் போர்க்காலக் கதை. இவருக்கு எசமானியின் அடிமைப் பணிப்பெண் வேடம். கறுப்பினத்தாரை இழிவுபடுத்தும் கொச்சையில் வசனம் எழுதியிருந்தார்கள். அப்படிப் பேச முடியாது என்றார் ஆல்தியா. நடிகர் சொல்லைப் பொறுக்காதவர் என்று பெயரெடுத்த ஃபோர்டின் படத்தில், வசனம் மாற்றப்பட்டது.

இதை நாம் கூர்ந்து நோக்க வேண்டும். அவர் வேடத்தை மறுக்கவில்லை. பணிப்பெண் தொழிலை இழிவென்றும் கருதவில்லை. அவள் வாயில் திணிக்கப்பட்ட இழிவையே மறுத்தார். அதுவும் பணமின்றித் தவித்த வேளையில்! வேலைக்காரர் பேசினாலே சிரிப்பு என்னும் வழக்கம் நம் திரைக்கும் புதிதன்று. கொட்டகையில் அமர்ந்து நாமும் சிரித்திருக்கிறோம்.

திரையுலகம் அவரை வாழ வைக்கவில்லை. தொழில்முறை ஆட்டக்காரராகி, கூடைப்பந்துக் காட்சிகளுக்கு முன்னால் ஊர் ஊராக ஆடினார். 1964-இல் கோல்ஃப் களத்திலும் இறங்கினார். முதுமையில் நோயும் வறுமையும் சூழ்ந்தன. 1956-இல் விம்பிள்டன் இரட்டையர் பட்டத்தை உடன் வென்ற ஆஞ்செலா பக்ஸ்டன், தாமும் யூதர் என்று ஒதுக்கப்பட்டவர், பல நாடுகளிலிருந்து பணம் திரட்டி அனுப்பினார். 2003-இல் ஆல்தியா மறைந்தார்.