யாரை மன்னித்தேன் என்று எழுதுவது?



வெள்ளவத்தைச் சந்தைக்குக் கிட்ட, ஒரு மாடிப்படி ஏறி வந்தால் என்னுடைய சிறிய அறை. சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர் என்று கதவில் மூன்று மொழியிலும் எழுதியிருக்கும். பிறப்புச் சான்றிதழ், விவாகப் பதிவு, காணி உறுதி, சத்தியக் கடதாசி என்று நாள் முழுக்கக் கடதாசிகளோடுதான் சீவியம். தமிழில் வருவதைச் சிங்களத்துக்கும் சிங்களத்தில் வருவதைத் தமிழுக்கும் மாற்றி, முத்திரை குத்திக் கொடுப்பேன். முப்பது வருடமாக இதுதான் என் வேலை.

கொட்டாஞ்சேனையிலிருந்து ஓர் அம்மா வருவார். எழுபது வயது தாண்டிவிட்டது. 2006 இல் வேலைக்குப் போன மகன் வீடு திரும்பவில்லை. புதிய ஜனாதிபதி வந்தால் ஒரு கடிதம், புதிய ஆணைக்குழு வந்தால் ஒரு கடிதம். எல்லாவற்றையும் நான்தான் சிங்களத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். கடைசியாக வந்தபோது, கடிதம் முடிந்த பிறகு, கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: "இன்னும் ஒரு வரி எழுதுங்கோ பிள்ளை. நான் மன்னிச்சிட்டன் எண்டு எழுதுங்கோ."

எழுதத் தொடங்கினேன். சிங்களத்தில் மன்னிப்பு, கொடுக்கிற ஒரு பொருள். சமாவ தெனவா என்பார்கள். கொடுப்பது என்றால் 'காட்டத', யாருக்கு, என்று ஒரு சொல் வர வேண்டும். பேனா அங்கே நின்றுவிட்டது. "ஆரை மன்னிச்சதா எழுத, அம்மா?" என்று கேட்டேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அதைத்தானே பிள்ளை நானும் இவ்வளவு வருசமாக் கேக்கிறன்."

நேயர்களே, போருக்குப் பின் சமாதானம், மன்னிப்பு, நீதி என்பவை பற்றிப் பேசத்தான் இன்று என்னை அழைத்திருக்கிறார்கள். எத்தனையோ அறிக்கைகளை மொழிபெயர்த்திருக்கிறேன். ஆனால் அந்த அம்மாவின் பதிலுக்கு மேலே எனக்கு எதுவும் தெரியாது. அதனால் அந்த இடத்திலேயே கொஞ்சம் நிற்கிறேன்.

பள்ளிக்கூட இலக்கணத்தில் செயப்படுபொருள் குன்றா வினை என்று படித்திருப்பீர்கள். 'தூங்கினாள்' என்றால் வசனம் நிறைந்துவிடும். 'மன்னித்தாள்' என்றால் நிறையாது. யாரை, எதற்காக என்று காது கேட்கும். "மறப்போம், மன்னிப்போம்" என்று மேடைகளில் சொல்கிறார்களே, அந்த வசனத்தில் இந்த இரண்டுமே இல்லை. யாரை மறப்பது? எதை மன்னிப்பது? செய்தவன் இல்லாத ஒரு செயலை மன்னிக்கும்படிதான் நம்மிடம் கேட்கிறார்கள்.

வடக்கிலும் கிழக்கிலும் தங்கள் பிள்ளைகளைக் கேட்டு வீதியோரப் பந்தல்களில் இருக்கிற தாய்மார் இந்த இலக்கணத்தை எங்களைவிட நன்றாக அறிவார்கள். கிளிநொச்சியில் 2017 பெப்ரவரியில் தொடங்கிய போராட்டம் அது. அந்தப் பிள்ளைகளைத் தேட 2016 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த அலுவலகத்தின் பெயரில் 'காணாமற்போன' என்று இருக்கிறது. தாய்மாரின் பதாகையிலோ 'காணாமல் ஆக்கப்பட்டோர்'. போனவர் என்றால் அவராகப் போனார். ஆக்கப்பட்டவர் என்றால் ஆக்கியவர் ஒருவர் இருக்கிறார். ஒரு சொல்லை மாற்ற மாட்டோம் என்று அவர்கள் பிடிவாதமாக நிற்பது, ஆக்கிய அந்த ஒருவரை விட்டுவிட முடியாது என்பதால்தான்.

இன்னொரு சொல்லையும் சொல்லிவிடுகிறேன், எனக்கு மிகப் பிடித்த சொல். பொலிசுக்குப் போய் நாம் கொடுப்பதைத் தமிழ்நாட்டில் புகார் என்கிறார்கள். நாங்கள் முறைப்பாடு என்கிறோம். முறை என்றால் நீதி. மன்னனின் வாசலில் மணியை இழுத்து முறையிட்டது திருவாரூர்ப் பசு. அதே கதையைத் தமிழ் மன்னன் எல்லாளன்மேல் ஏற்றி மகாவம்சமும் சொல்கிறது. கன்றைத் தேர்க்காலில் இழந்த பசுவுக்காக மகனையே தண்டித்த அரசன் என்று, எதிரியாய் நின்றவனைப் பற்றி அந்த நூல் எழுதி வைத்திருக்கிறது. தமிழ்ப் பிள்ளையும் சிங்களப் பிள்ளையும் ஒரே மணியின் கதையைக் கேட்டு வளர்கிறார்கள். அப்படியிருந்தும் சொல்லில் பிரிந்துவிடுகிறோம். நீதியைச் சிங்களத்தில் யுக்திய என்கிறார்கள். அதே வடசொல் தமிழில் யுக்தி, உத்தி என்று தந்திரத்தைக் குறிக்கிறது. "யுக்திய கிடைக்கும்" என்று ஒருவர் வாக்குக் கொடுக்கும்போது, தமிழ்க் காதில் வேறொன்று விழுந்துவிடுமோ என்று பல தடவை தயங்கியிருக்கிறேன்.

என் வீட்டுக் கதைக்கு வருகிறேன்.

1983 யூலையில் எனக்குப் பதினொரு வயது. காலி வீதியிலிருந்து கடற்கரைக்கு இறங்கும் ஒரு லேனில் வாடகைக்கு இருந்தோம். 25 ஆம் திகதி, திங்கட்கிழமை, தமிழர் வீடுகளைத் தேடிக் கூட்டம் வந்தது. கையில் வாக்காளர் பட்டியல். எங்கள் வீட்டு உரித்தாளர் சிங்களவர், அதனால் வீட்டை எரிக்கவில்லை. சாமான்களை லேனில் குவித்துக் கொளுத்தினார்கள். பக்கத்து வீட்டுச் சிங்களக் குடும்பம் எங்களைப் பின்னறையில் இரண்டு நாள் ஒளித்து வைத்தது. பிறகு இரத்மலானை அகதி முகாம், பிறகு 'லங்கா கல்யாணி' கப்பலில் காங்கேசன்துறை. அந்த லேனில் எரியாமல் போனது ஒன்றுதான், அம்மாவின் தையல் மெசின். அதை யாரோ தூக்கிக்கொண்டு போனார்கள்.

மீண்டும் கொழும்புக்கு வந்து சில வருடங்கள் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை, த்ரீவீலரில் ஒருவர் வந்து இறங்கினார். மடியில் அந்த மெசின். "அம்மே, சமாவென்ன" என்றார். எடுத்தது தான்தான் என்றார். மனைவி அதில் தைத்துத்தான் பிள்ளைகளைப் படிப்பித்தாராம். சாகமுதல், கொண்டுபோய்க் கொடுங்கள் என்று சொன்னாராம். அம்மா ஒன்றும் பேசவில்லை. சக்கரத்தை ஒரு தடவை சுழற்றிப் பார்த்தா. "எண்ணெய் விட்டு வைத்திருக்கிறாய்" என்று சிங்களத்தில் சொன்னா. பிறகு உள்ளே போய் அவருக்குப் பிளேன்டீ ஊற்றிக்கொண்டு வந்தா.

அவர் போக எழும்பியபோது அம்மா ஒரு கேள்வி கேட்டா. "அந்த லிஸ்டைக் கொண்டுவந்தது யார்?" அவர் தலையைக் குனிந்துகொண்டார். பதில் வரவில்லை.

சாகும்வரை அம்மா அந்த மனிதனைப் பற்றி ஒரு கடுஞ்சொல் சொன்னதில்லை. அந்த மெசினில்தான் எங்கள் கலியாணச் சட்டைகளும் தைத்தா. ஆனால் பட்டியலைப் பற்றிப் பேச்சு வந்தால், "அது மன்னிக்கிறதுக்கு ஆளில்லாத பாவம்" என்பா. மன்னிக்க மனம் இல்லாதவ அல்ல என் அம்மா. பட்டியலோடு வந்து வாசலில் நின்று, நான்தான் என்று சொல்ல ஒருவரும் இல்லை.

1983 ஐ விசாரிக்க 18 வருடம் ஓர் ஆணைக்குழுவும் இல்லை. 2001 இல் ஜனாதிபதி சந்திரிகா குமாரதுங்க, முன்னாள் பிரதம நீதியரசர் சர்வானந்தா தலைமையில் ஒன்றை நியமித்தார். 2004 யூலை 23 அன்று நாட்டின் சார்பில் மன்னிப்பும் கேட்டார். அதை நான் சின்னதாக எண்ணவில்லை. ஓர் ஆட்சித் தலைவர் அந்தச் சொல்லைச் சொல்ல 21 வருடம் எடுத்தது. அம்மா செய்தியைக் கேட்டுவிட்டு, "இவ கேக்கிறா, சரி. செய்தவன் எங்க?" என்றா. செய்தவனுக்கு ஒரு சட்டம் ஏற்கெனவே குடை பிடித்திருந்தது. 1982 இல் வந்து 1988 இல் விரிவாக்கப்பட்ட அந்தச் சட்டம், 1977 ஆகஸ்ட் முதல் 1988 டிசம்பர் வரை, சட்டம் ஒழுங்கைக் காக்க நல்லெண்ணத்தோடு செய்யப்பட்டவை என்று சொல்லப்படும் செயல்களுக்காக அமைச்சர்மீதோ அதிகாரிமீதோ படையினர்மீதோ வழக்குப் போட முடியாது என்றது. அந்தக் காலத்துக்குள் 1983 யூலையும் அடங்குகிறது. பாதிக்கப்பட்டவர் மன்னிக்குமுன் சட்டம் முந்திக்கொண்டது.

வேறு மாதிரியும் நடக்க முடியும் என்பதற்கு எங்கள் வீதிகளிலேயே சாட்சி உண்டு. 2007 யூன் 7 அதிகாலையில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, புறக்கோட்டை லொட்ஜுகளில் தங்கியிருந்த தமிழர்கள் 376 பேரை பஸ்களில் ஏற்றி வவுனியா பக்கம் அனுப்பினார்கள். மாற்றுக் கொள்கைகளுக்கான நிலையம் உயர் நீதிமன்றம் போனது. மறுநாளே இடைக்காலத் தடை. சில நாளில் பிரதமர் ரத்னசிறி விக்கிரமநாயக்க வருத்தம் தெரிவித்தார். திரும்பி வந்த ஒரு தம்பி என்னிடம் ஒரு கடதாசி மொழிபெயர்க்க வந்தார். "அக்கா, பிழை எண்டு கோடு சொல்லிட்டுது. அது போதும்" என்றார். யாரையும் சிறைக்கு அனுப்பவில்லை. ஆனால் நடந்தது பிழை என்று உரிய இடம் உரிய நேரத்தில் சொன்னது. அந்தத் தம்பி இன்றும் கொழும்பில்தான் கடை வைத்திருக்கிறார்.

கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்குப் போகிறவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு, காலை 8:45. அன்று நடந்த குண்டுத் தாக்குதல்களில் நாடு முழுவதும் 260 க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். அடுத்த வருட உயிர்ப்பு விழாவிலேயே கர்தினால் மல்கம் ரஞ்சித், தாக்கியவர்களை மன்னித்தோம் என்றார். அதே கர்தினால், பின்னால் இருந்தவர் யார் என்று இன்றுவரை கேட்டுக்கொண்டிருக்கிறார். இரண்டையும் ஒரே வாயால் சொல்லலாமா என்று சிலர் கேட்கிறார்கள். கொட்டாஞ்சேனை அம்மாவுக்கு அதில் ஒரு முரணும் தெரியவில்லை. 2023 சனவரி 12 இல் உயர் நீதிமன்றம், தடுக்கத் தவறியதற்காக முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன சொந்தப் பணத்தில் 10 கோடி ரூபா இழப்பீடு கட்ட வேண்டும் என்றது. பெயர் சொல்லி வந்த தீர்ப்பு அது.

தென்னாபிரிக்காவை எல்லோரும் உதாரணம் காட்டுகிறார்கள். அங்கே டெஸ்மண்ட் டுட்டுவின் உண்மை, நல்லிணக்க ஆணைக்குழு சும்மா பொதுமன்னிப்புக் கொடுக்கவில்லை. செய்ததை முழுவதும் வெளியில் சொன்னால்தான். 7,112 பேர் விண்ணப்பித்து 849 பேருக்குத்தான் கிடைத்தது. இங்கே அந்த ஆணைக்குழுவின் பெயரைச் சொல்கிறவர்கள் இந்தக் கணக்கையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இந்த இலக்கணம் எங்கள் பக்கமும் திரும்பும், நேயர்களே. திரும்பத்தான் வேண்டும். 1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்குப் புலிகள் இரண்டு மணித்தியாலம் கொடுத்தார்கள். வெள்ளவத்தையில் எனக்குத் துணி விற்கும் அக்கா, அந்த இரண்டு மணித்தியாலத்தில் உம்மாவின் கையைப் பிடித்து நடந்த பிள்ளை. 1996 சனவரி 31 அன்று மத்திய வங்கி வாசலில் குண்டு வெடித்து 91 பேர் இறந்தார்கள், வேலைக்கு வந்த சாதாரண சனம். எங்கள் பெயரால் செய்தார்கள் என்றால், பிழை என்று எங்கள் வாயால் சொல்ல வேண்டும். பட்டியலைக் கொண்டுவந்தவன் யார் என்று கேட்கிற எனக்கு அந்தக் கடமை இரட்டிப்பு.

கண்ணாடிக்கு அப்பாலிருந்து கை காட்டுகிறார்கள், நேரம் முடிகிறது. கொழும்பிலும் சுற்றுப்புறத்திலும் 2008, 2009 இல் கடத்தப்பட்ட 11 பேரின் வழக்கு, செம்மணியில் 2025 இல் தோண்டத் தோண்ட வந்த எலும்புகள் எல்லாம் சொல்ல நினைத்து வந்தேன். நேரமில்லை.

கொட்டாஞ்சேனை அம்மாவின் கடிதத்தை எப்படி முடித்தேன் என்று மட்டும் சொல்கிறேன். பெயர் வரவேண்டிய இடத்தில் புள்ளிக்கோடு போட்டேன், விண்ணப்பப் படிவத்தில் போடுவதுபோல. அம்மாவுக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது. ஆனால் கையெழுத்து வைக்குமுன் அந்தக் கோட்டில் விரலை வைத்து, "இதுதானே அந்த இடம்?" என்று கேட்டார். ஓம் என்றேன். கடிதத்தின் பிரதி என் லாச்சியில் இருக்கிறது. அந்தக் கோட்டில் ஒரு பெயரை எழுத வரும்படி அவரை நான் தொலைபேசியில் கூப்பிடும் நாள் வர வேண்டும். அவர் படியேறி வரக்கூடிய வயதுக்குள்ளேயே வர வேண்டும்.