சணல் ஆலையிலிருந்து உள்துறைக்கு



இந்தியப் பொதுவுடைமையாளர் ஒருவரைப் பற்றிப் பேசுவதற்கு இந்திரஜித் குப்தாவை நான் தேர்ந்ததன் காரணம் அவர் வகித்த பதவிகள் அன்று. அரசாங்கத்தின் காவலர்களால் தேடப்பட்ட ஒருவர், பின்னாளில் அக்காவலுக்கே பொறுப்பாளராக அமர்ந்தால் அவருடைய கொள்கை என்னாகும்? இவ்வினா என் மனத்தை நெடுநாளாக உறுத்தி வந்திருக்கிறது. அதற்கு விடை தேட அவர் வாழ்வைக் காட்டிலும் தக்க இடம் எனக்குத் தோன்றவில்லை.

அவர் 1919-ஆம் ஆண்டு மார்ச் 18-ஆம் நாள் பிறந்தார். வங்காளத்தில் ஆட்சித்துறைக்கே நேர்ந்துவிட்ட குடும்பம் அது. பாட்டனார் பிகாரிலால் குப்தா ஐ.சி.எஸ். அதிகாரி. வெள்ளையர் மீதான குற்ற வழக்குகளை இந்திய நீதிபதிகளும் விசாரிக்க உரிமை வேண்டுமென்று அவர் 1882-இல் எழுதிய குறிப்பே இல்பர்ட் மசோதாவுக்கு வித்தாயிற்று. தந்தையார் அக்கவுண்டன்ட் ஜெனரல். தமையனாரும் ஐ.சி.எஸ். டில்லி செயின்ட் ஸ்டீபன் கல்லூரியிலும் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரியிலும் பயின்ற இந்திரஜித்தும் அதே வழியில் செல்வார் என்றே எவரும் எண்ணியிருப்பர். ஆனால் அந்நாளைய கேம்பிரிட்ஜில் இந்திய மாணவர் பலர் பொதுவுடைமைக் கருத்துக்கு ஆட்பட்டனர். நம் சேலம் மாவட்டத்து மோகன் குமாரமங்கலமும் அவர்களுள் ஒருவர். 1940-ஐ ஒட்டித் தாயகம் திரும்பிய இந்திரஜித், உத்தியோகத்தை நாடாமல் கல்கத்தாவின் தொழிலாளரிடையே சென்றார்.

சணல் ஆலைகளின் நிலையை இங்குச் சிறிது விளக்கவேண்டும். ஹூக்ளி ஆற்றின் இருகரைகளிலும் கல்கத்தாவுக்கு மேலும் கீழும் மைல் கணக்கில் ஆலைகள் நெருங்கி நின்றன. முதல் ஆலை 1855-இல் ரிஷ்ராவில் தொடங்கியது. உலகத்துத் தானியமெல்லாம் அந்த ஆலைகளின் கோணியில்தான் கப்பலேறியது என்றால் மிகையாகாது. உழைத்தவரோ பெரும்பாலும் பிகார், ஐக்கிய மாகாணம், ஒரிஸ்ஸா, ஆந்திரப் பகுதிகளிலிருந்து பிழைக்க வந்த ஏழைகள். அவர்களை வேலைக்குச் சேர்த்தவர் ‘சர்தார்’ எனப்பட்ட மேஸ்திரி. அவருக்குக் கையூட்டு அளிக்காமல் உள்ளே நுழைதல் அரிது. நிரந்தர வேலை வாய்க்காதவர் ‘பத்லி’யாக, அன்றன்று விடுப்பெடுத்தவரின் இடத்துக்காகக் காத்து நிற்பர். சந்தையில் விலை சரிந்தால் முதலாளிகளின் சங்கம் தறிகளில் ஒரு பகுதிக்கு முத்திரையிட்டு நிறுத்திவிடும். விலை காப்பாற்றப்படும், தறிகாரன் வீட்டு அடுப்போ அணையும். 1947-இல் நாடு பிரிந்தபோது ஆலைகள் இந்தியாவிலும், சணல் விளையும் நிலத்தின் பெரும்பகுதி கிழக்குப் பாகிஸ்தானிலுமாக நின்றுவிட்டன.

இத்தகைய தொழிலில் வெறும் முழக்கத்தால் சங்கம் கட்ட முடியாது. முதலாளியின் கணக்கேட்டைத் தொழிலாளியின் தலைவனும் படிக்கக் கற்றிருக்க வேண்டும். குப்தா அதைக் கற்றவர். சணல் தொழிலில் மூலதனமும் உழைப்பும் என்ற பொருள் குறித்து அவர் ஆங்கிலத்தில் எழுதிய நூல் 1953-இல் வெளிவந்தது. மேடைப்பேச்சே தலைமை என்று எண்ணும் இளைஞர் இதனைக் கருத வேண்டும்.

1948-இல் மேற்கு வங்க அரசு கட்சியைத் தடை செய்தபோது அவர் தலைமறைவானார். பின்னர்ச் சிறையும் கண்டார். 1960-இல் இடைத்தேர்தல் ஒன்றில் வென்று மக்களவையில் நுழைந்தவர், மொத்தம் 11 முறை தேர்ந்தெடுக்கப்பெற்றார். 1964-இல் கட்சி பிளந்தபோது, வங்கத்துத் தோழர் பலர் மார்க்சிஸ்ட் கட்சிக்குச் சென்றும் அவர் பழைய கட்சியிலேயே நின்றார். அவர் தோற்றது 1977-இல் மட்டுமே. அத்தோல்வியை நான் தற்செயல் என்று கொள்ளமாட்டேன். 1975-இன் நெருக்கடி நிலையை அவருடைய கட்சி ஆதரித்தது. சிறைவாசத்தின் கொடுமை அறிந்த கட்சி, பிறரைச் சிறையிலிட்ட ஆட்சிக்குத் துணை நின்றது. 1978-இல் பட்டிண்டா மாநாட்டில் அது தவறென்று கட்சியே ஒப்புக்கொண்டது.

1980-இல் ஏ.ஐ.டி.யு.சி.யின் பொதுச் செயலாளரானார்; 1990-இல் கட்சியின் பொதுச் செயலாளரானார். 1996-இல் ஐக்கிய முன்னணி ஆட்சியில் சேர மார்க்சிஸ்ட் கட்சி மறுத்தது; இவருடைய கட்சி சேர்ந்தது. அவ்வாண்டு ஜூன் மாதத்தில், பொதுவுடைமையாளர் ஒருவர் முதன்முறையாக இந்திய உள்துறை அமைச்சரானார். பெரிய மாளிகையை விடுத்து, வெஸ்டர்ன் கோர்ட்டின் சிறிய இருப்பிடத்திலேயே தங்கினார் என்பர். எளிமை போற்றத்தக்கதே, ஆயினும் ஓர் அமைச்சரை அவர் குடியிருந்த அறையைக் கொண்டு மட்டும் அளத்தல் போதாது.

1997-இல் ஐந்தாம் ஊதியக்குழுவின் பரிந்துரைகளை முன்னிட்டு மத்திய அரசு ஊழியர்கள் வேலைநிறுத்தத்துக்கு முனைந்தபோது, அரசின் சார்பில் பேச்சு நடத்தியவர்களுள் அவர் முதன்மையானவர். ஆயுள் முழுதும் மேசையின் ஒருபுறம் அமர்ந்தவர் மறுபுறம் அமர்ந்தார். உடன்பாடு ஊழியர்க்கு இணக்கமாகவே முடிந்தது. கருவூலத்தால் தாங்க இயலுமா என்று குறைகூறியவரும் உண்டு. அக்குறையை நான் முழுதும் தள்ளிவிட மாட்டேன்.

அதே ஆண்டு அக்டோபரில் இதனினும் கடிய சோதனை நேர்ந்தது. 1959-இல் கேரளத்துப் பொதுவுடைமை ஆட்சி 356-ஆம் விதியின்கீழ் நீக்கப்பட்டதை அவருடைய கட்சி என்றும் மறந்ததில்லை. இப்பொழுதோ, அவர் உள்துறை அமைச்சராக இருந்த அமைச்சரவையே உத்தரப் பிரதேசத்தில் அவ்விதியைச் செலுத்தப் பரிந்துரைத்தது. சட்டசபையில் அப்பொழுதுதான் பெரும்பான்மை காட்டிய கல்யாண் சிங் அரசு அது. குடியரசுத் தலைவர் கே. ஆர். நாராயணன் பரிந்துரையை மறுபரிசீலனைக்குத் திருப்பியனுப்பினார். அமைச்சரவை அதனைக் கைவிட்டது. ஆயுதம் கைமாறினால் அதன் கூர்மையும் மாறிவிடும் என்று நம்பலாகாது என்பதை இந்நிகழ்ச்சியைக் காட்டிலும் தெளிவாக உணர்த்துவதை நான் அறியேன்.

1998 மார்ச்சில் பதவி நீங்கியபின் அவர் ஏற்ற பணி, தேர்தல் செலவை அரசே ஏற்பது குறித்த குழுவின் தலைமை. அங்கீகாரம் பெற்ற கட்சிகளுக்குப் பணமாக அன்றிப் பொருளாகவும் வசதியாகவும் உதவலாம் என்று அக்குழு பரிந்துரைத்தது. வானொலியிலும் தொலைக்காட்சியிலும் இலவச நேரம் அவ்வுதவிகளுள் ஒன்று. செல்வமில்லாத வேட்பாளனும் மக்கள் காதில் ஒரு சொல் போடவேண்டும் என்பதே அதன் கருத்து. 1999-இல் மிதுனபுரித் தொகுதியிலிருந்து மீண்டும் வென்றார். 2001 பிப்ரவரி 20-ஆம் நாள், மக்களவை உறுப்பினராக இருந்தபடியே கல்கத்தாவில் காலமானார்.