ஒன்பது செட்டிகள் திரும்பி வந்த தீவு



தீவும் இலக்கியமும் என்றதும் பலருக்கு ராபின்சன் குரூசோதான் நினைவுக்கு வருவான். 1719-இல் டேனியல் டீஃபோ படைத்த மனிதன். கப்பல் உடைந்து கரையேறியவன் வேலி கட்டுகிறான், ஆடு வளர்க்கிறான், அந்தத் தீவுக்கே தான் அரசன் என்று எண்ணிக்கொள்கிறான். பிறகு இன்னொரு மனிதன் வந்து சேர்ந்ததும், அவனுக்கு வெள்ளிக்கிழமை என்று பெயரிட்டு ஏவலாளாக்கிக்கொள்கிறான். நாடு பிடிக்கக் கிளம்பிய ஐரோப்பாவின் மனம் அப்படியே அந்தக் கதையில் இருக்கிறது.

அவனுக்குப் பல நூற்றாண்டுகள் முன்பே நம்முடைய ஆபுத்திரன் ஒரு தீவில் தனியே நின்றான். சாத்தனார் மணிமேகலையில் சொல்லும் கதை. எடுக்க எடுக்கக் குறையாத அமுதசுரபி அவன் கையில். மதுரையில் ஊருக்கெல்லாம் சோறிட்டவன். பாண்டிய நாடு செழித்துப் போய், உண்ண வருவார் இல்லாமல் போகிறது. சாவக நாட்டில் மழை பொய்த்து உயிர்கள் மடிகின்றன என்று கேள்விப்பட்டுக் கப்பலேறுகிறான். புயலுக்கு ஒதுங்கி மணிபல்லவத் தீவில் கப்பல் நிற்கிறது. அவன் இறங்கியதைக் கவனியாமல், இரவோடு இரவாகக் கப்பல் போய்விடுகிறது.

நண்பர்களே, அந்த நிலையை நினைத்துப் பாருங்கள். ஓர் ஊருக்கே சோறிடும் பாத்திரம் கையில் இருக்கிறது. சோறு வாங்க ஒரு கை இல்லை. அவன் ஒருவன் நூறாண்டு உண்டாலும் அது தீராது. ஆனால் தனியாக உண்டு வாழ அவனுக்கு மனம் வரவில்லை. பாத்திரத்தை அத்தீவின் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு, உண்ணாமல் உயிர் விடுகிறான். குரூசோ தீவில் சொத்துச் சேர்த்தான். ஆபுத்திரனோ பகிர ஆளில்லாத சொத்து தனக்கு வேண்டாம் என்றான்.

கதை அங்கே முடியவில்லை. ஆபுத்திரன் சாவகத்து அரசனாக மறுபிறப்பெடுத்து அதே தீவுக்கு வருகிறான். மணலைத் தோண்டுகிறார்கள். அவனுடைய பழைய எலும்புகள் கிடைக்கின்றன. பக்கத்தில் வேறு எலும்புகளும் உண்டு. அவை அந்தக் கப்பலில் வந்த ஒன்பது செட்டிகளுடையவை. கூட வந்தவனை விட்டுவிட்டோமே என்று பதறித் தேடி வந்து, அவன் இறந்தது கண்டு அங்கேயே மடிந்தவர்கள் அவர்கள். இந்த ஒன்பது பேரை நாம் பேசுவதே இல்லை. கப்பலில் ஏறியவனுக்கும் கடமை உண்டு என்று சொன்ன காப்பியம் அது.

பின்னால் வந்த நம் கதைகளிலும் இந்தக் கவலை தொடர்கிறது. கல்கியின் பொன்னியின் செல்வனில் பூதத்தீவில் இளவரசனைக் காப்பாற்றிய ஊமைப் பெண் மந்தாகினி கைவிடப்பட்டவள். இந்தத் திருவனந்தபுரத்தில் 1948-இல் கண்மூடிய புதுமைப்பித்தன் துன்பக்கேணியில் எழுதியதும் ஒரு தீவைத்தான்: திருநெல்வேலிச் சீமையின் ஏழைகளை வாரிக்கொண்ட இலங்கையின் தேயிலைத் தோட்டம். இவ்வூர்க்காரர் பிரியதர்ஷன் 1996-இல் எடுத்த அந்தமான் சிறைப் படமான காலாபானியைத் தமிழில் சிறைச்சாலையாகப் பார்த்து அழுதோம். ஆனால் 1921 மாப்பிளா எழுச்சிக்குப் பின் அந்தமானுக்கு நாடுகடத்தப்பட்டவர்களின் வழிவந்தோர் வாழும் மஞ்சேரி, வண்டூர், திரூர் என்ற ஊர்கள் இன்றும் அங்கே இருப்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? சினிமாவுக்குத் தீவு என்றால் பெரும்பாலும் நீலக்கடலும் ஒரு பாட்டும். அங்கே குடியிருப்பவர் பின்னணியில் நடந்து போவார், அவ்வளவுதான்.

மலையாளத்தில் பென்யாமின் அந்தக் குறையைப் போக்கினார். மஞ்ஞவெயில் மரணங்கள் என்ற நாவலுக்கு இந்தியப் பெருங்கடல் தீவான டியாகோ கார்சியாவைக் களமாக்கினார். அதன் பூர்வ குடிகளை 1968 முதல் 1973 வரை பிரிட்டன் வெளியேற்றியது, அமெரிக்கப் படைத்தளத்துக்காக.

அதே தீவில் 2021 அக்டோபரில் ஈழத்தமிழர்களை ஏற்றிவந்த படகொன்று பழுதாகிக் கரை சேர்ந்தது. குழந்தைகளோடு, கூடாரங்களில், காவலின் கீழ் மூன்றாண்டுக்கு மேல் கிடந்தார்கள். 2024 டிசம்பரில்தான் பெரும்பாலோர் பிரிட்டனுக்கு அழைத்துச் செல்லப்பட்டார்கள். மணிபல்லவத்தைப் பாடிய மொழியைப் பேசுகிறவர்கள், நம் காலத்தில், நாம் செய்தித்தாள் புரட்டிக்கொண்டிருந்தபோதே ஒரு தீவில் விடப்பட்டுக் கிடந்தார்கள். அவர்களைத் தேடி நம்மிடமிருந்து ஒரு செட்டியும் போகவில்லை. எனக்கு இது பெரிய வலி.

இனியாவது அவர்களைத் தேடிப் போவோம். அந்த மூன்றாண்டுகளை அவர்கள் வாயாலேயே சொல்லக் கேட்டு, அவர்கள் சம்மதத்தோடு எழுதி, தமிழிலும் மலையாளத்திலும் நூலாக்க வேண்டும். இரண்டு மொழியும் எழுதத் தெரிந்தவர்கள் இந்த அரங்கிலேயே இருக்கிறீர்கள். அந்தப் பணியை இந்த அவை ஏற்றுக்கொள்ள வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.