சின்ன வேடம், முழு உழைப்பு



அதியமான்கோட்டையில் பேச வந்தவர் அதியமானைச் சொல்லாமல் இருக்க முடியாது. அவனுக்காகத் தொண்டைமானிடம் தூது போனவர் ஔவை. அரியணையில் இருந்தவன் அதியமான்தான். ஆனால் ஔவையை விட்டுவிட்டு அவன் கதையைச் சொல்ல முடியுமா? தமிழ்த் திரையிலும் அப்படி ஒருவர் இருந்தார். அவர்தான் டெல்லி கணேஷ்.

நெல்லைச் சீமையின் வல்லநாட்டில் 1944-ல் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் வேலை பார்த்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பிறகு சென்னையில் காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் மேடையேறினார். 1977-ல் இயக்குநர் கே. பாலசந்தர் 'பட்டினப்பிரவேசம்' படத்தில் இவரை அறிமுகப்படுத்தியபோது அவருக்கு வயது 33. இன்று பட்டம் பெறும் உங்களில் பலரைவிடப் பத்து வயதாவது மூத்தவர். வேலை கிடைக்க ஓராண்டு தாமதமானாலே வாழ்க்கை போய்விட்டதாகக் கலங்குகிறவர்கள் இதை மனதில் வையுங்கள்.

அவருடைய இரண்டு படங்களைத் தேடிப் பாருங்கள். துரை இயக்கிய 'பசி' 1979-ல் வந்தது. அதில் அவர் சென்னைக் குடிசைப் பகுதியின் ரிக்‌ஷாக்காரர், வறுமையில் உழலும் ஒரு தகப்பன். தமிழக அரசின் சிறப்பு விருது அதற்குக் கிடைத்தது. 1990-ல் வந்த 'மைக்கேல் மதன காமராஜ'னில் அவரே பாலக்காட்டு மணி ஐயர், கல்யாண வீட்டுச் சமையல்காரர். சாம்பாரில் மீன் விழுந்த அந்தப் பந்திக் காட்சிக்கு இன்றும் வீடே சிரிக்கிறது. ஒன்றில் மெட்ராஸ் பாஷை, மற்றதில் மலையாள வாடை வீசும் தமிழ். பேச்சு மாறும்போது நடையும் பார்வையும் சேர்ந்தே மாறுகின்றன. இடையில் 'நாயக'னில் வேலு நாயக்கரை விட்டு விலகாத ஐயர். 'அபூர்வ சகோதரர்க'ளில் வில்லன்களில் ஒருவர்.

1981-ல் 'எங்கம்மா மகாராணி'யில் கதாநாயகனாகவும் நடித்தார். அந்தப் பாதை நீளவில்லை. அதற்காக அவர் முடங்கிப்போகவில்லை. நானூறுக்கும் மேற்பட்ட படங்கள், சின்னத்திரைத் தொடர்கள், முதுமையில் இளைஞர்கள் எடுத்த குறும்படங்கள் என்று வந்த வேலையையெல்லாம் முழு மனதோடு செய்தார். 2024 நவம்பர் 9-ல் அவர் மறைந்தபோது, சொந்த வீட்டுப் பெரியவரை இழந்ததுபோல் தமிழ்நாடு கலங்கியது.

மாணவச் செல்வங்களே, நாளை உங்களுக்குக் கிடைக்கும் முதல் வேலை சின்னதாக இருக்கலாம். உங்கள் பெயர் பலகையில் வராமல் போகலாம். அந்த வேலையின் பாஷையைக் கற்றுக்கொள்ளுங்கள். அதை நம்பியிருக்கும் மனிதர்களைக் கவனியுங்கள். உங்களுக்குப் பிடித்த கலை ஒன்று இருந்தால், சம்பளம் வரத் தொடங்கியதும் அதைக் கைவிட்டுவிடாதீர்கள். நீங்கள் இல்லாத நாளில் "அவர் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்குமே" என்று உடன் வேலை செய்பவர்கள் தேட வேண்டும். அந்தப் பெயரை நீங்கள் ஒவ்வொருவரும் எடுக்க மனமார வாழ்த்துகிறேன்.