தண்டவாளமும் தார்ச்சாலையும்: பிரிட்டிஷ் நகரங்களின் போக்குவரத்து வரலாறு

(உரையின் எழுத்து வடிவம்)

பிரிட்டிஷ் பாராளுமன்றம் 1870இல் நிறைவேற்றிய டிராம்வே சட்டத்தில் ஒரு விதி இடம்பெற்றிருந்தது. இரு தண்டவாளங்களுக்கு இடைப்பட்ட சாலைப் பகுதியையும், அவற்றின் இரு புறங்களிலும் 18 அங்குல அகலத்தையும் டிராம் நடத்துவோரே தம் செலவில் செப்பனிட வேண்டும் என்பது அவ்விதி. குதிரைகள் வண்டி இழுத்த நாளில் அது நியாயமானதே. குளம்புகள் சாலையைத் தேய்த்தன, தேய்த்தவர் செப்பனிட்டார். குதிரைகள் மறைந்து மின்சாரம் வந்த பின்னரும் விதி மறையவில்லை. பின்னாளில் போட்டிக்கு வந்த மோட்டார் பஸ், டிராம்காரர் செப்பனிட்ட அதே சாலையில் அத்தகைய பொறுப்பு ஏதுமின்றி ஓடியது. அந்நாட்டு நகரங்களில் டிராம் மறைந்ததற்குப் பயணிகளின் விருப்ப மாற்றமே காரணம் என்று பலர் எழுதியுள்ளனர். கணக்கேடுகளையும் சட்ட விதிகளையும் சேர்த்துப் பார்த்தால் அக்கூற்று பாதி உண்மையே.

1829இல் ஜார்ஜ் ஷில்லிபியர் லண்டனில் பாடிங்டனுக்கும் பாங்குக்கும் இடையே மூன்று குதிரைகள் பூட்டிய ஆம்னிபஸ்ஸை ஓட்டினார். கட்டணம் ஒரு ஷில்லிங். கூலித் தொழிலாளி எட்ட முடியாத தொகை. தண்டவாளத்தின் மீது அதே குதிரைகளால் ஏறத்தாழ இரு மடங்கு சுமையை இழுக்க முடியும் என்பதே டிராமின் பொருளாதார அடிப்படை. 1860இல் ஜார்ஜ் பிரான்சிஸ் டிரெயின் என்ற அமெரிக்கர் பர்க்கன்ஹெட் நகரில் முதல் தெரு டிராமைத் தொடங்கினார். மறு ஆண்டு லண்டனில் அவர் அமைத்த பாதைகளில் தண்டவாளம் சாலை மட்டத்திற்கு மேலே நீட்டிக்கொண்டிருந்ததால் பிற வண்டிகளுக்கு இடையூறு நேர்ந்தது. எதிர்ப்பு வலுத்து, அவை சில காலத்திலேயே அகற்றப்பட்டன. சாலையோடு ஒட்டிப் பதியும் பள்ளத் தண்டவாளம் வந்த பிறகே டிராம் நிலைபெற்றது.

1870ஆம் ஆண்டுச் சட்டத்தின் மற்றொரு விதி இன்னும் ஆழமான விளைவை உண்டாக்கியது. உரிமம் பெற்ற நிறுவனத்தின் பாதையை 21 ஆண்டுகள் கழித்து உள்ளாட்சி மன்றம் விலைக்கு வாங்கிக்கொள்ளலாம். விலையைக் கணிக்கும்போது கடந்த கால லாபத்தையோ எதிர்பார்க்கும் லாபத்தையோ சேர்க்கலாகாது. பொருள்களின் அன்றைய மதிப்பு மட்டுமே கணக்கு என்பதைப் பிரபுக்கள் சபையும் 1894இல் உறுதி செய்தது. தனியார் ஏகபோகம் நிலைத்துவிடக் கூடாது என்பதே சட்டத்தின் நோக்கம். ஆயினும் கெடு நெருங்கும்போது, விரைவில் கைவிட்டுப் போகும் சொத்தில் எந்த முதலாளி பணம் போடுவார்? மின்மயமாக்கல் தாமதப்பட்டதற்கு இவ்விதியும் ஒரு காரணமாயிற்று.

குதிரை டிராமின் செலவு சாதாரணமானதன்று. நாள் முழுவதும் ஒரு வண்டி ஓட, மாற்றிப் பூட்டுவதற்காகப் பத்துப் பதினொரு குதிரைகள் தேவைப்பட்டன. வருவாயின் பெரும்பகுதியை லாயமும் தீவனமுமே விழுங்கின. ஹடர்ஸ்பீல்டு நகர மன்றம் தான் அமைத்த பாதையைக் குத்தகைக்கு எடுக்க எவரும் முன்வராததால், 1883இல் தானே நீராவி டிராம்களை ஓட்டத் தொடங்கியது. பின்னர் நகராட்சிச் சோஷலிசம் என்று போற்றப்பட்ட கொள்கையின் தொடக்கம் இவ்வாறு ஒரு கட்டாயத்தில் பிறந்தது! 1885இல் பிளாக்பூலில் மின்சார டிராம் ஓடியது. கிளாஸ்கோவில் 1894இல் குத்தகை முடிந்ததும், மாநகராட்சி ஆயிரக்கணக்கான குதிரைகளை வாங்கித் தானே டிராம்களை நடத்தியது. 1898 முதல் 1902 வரை அவற்றை மின்மயமாக்கி, அரைப் பென்னிக் கட்டணத்தையும் அளித்தது. நகர நடுவில் நெரிசலில் வாழ்ந்த உழைப்பாளிகள் புறநகரில் குடியேற வழி திறந்தது. மாநகராட்சிக்குச் சொந்தமான மின்நிலையங்களுக்கும் இதனால் ஆதாயம் உண்டு. விளக்கு எரியாத பகல் வேளையில் மின்சாரத்தை வாங்குவோர் டிராம்களே.

1920களின் பிற்பகுதியில் பிரிட்டனில் சுமார் 14,000 டிராம்கள் ஓடின. சரிவும் அப்போதே தொடங்கிவிட்டது. நூற்றாண்டின் தொடக்கத்தில் பதித்த தண்டவாளங்கள் தேய்ந்து, மாற்ற வேண்டிய வேளை வந்தது. முதல் உலகப் போருக்குப் பின் விலைவாசியோ பன்மடங்கு ஏறியிருந்தது. நல்ல காலத்தில் கிடைத்த லாபத்தைத் தேய்மான நிதியில் சேர்க்காமல், வீட்டு வரியைக் குறைக்கப் பயன்படுத்திய மாநகராட்சிகள் பல. வாக்காளர் மகிழ்ந்தனர், தண்டவாளத்திற்கு நிதி இல்லை.

மறுபுறம், 1910இல் லண்டனில் வெளிவந்த பி வகை பஸ் மோட்டார் வண்டியின் நம்பகத்தன்மையை நிறுவியிருந்தது. போருக்குப் பின் விற்பனைக்கு வந்த இராணுவ லாரிகளைக் கொண்டு சிறு முதலாளிகள் பலர் பஸ் தொழிலில் புகுந்தனர். லண்டனில் கொள்ளை பஸ்கள் என்று பெயர் பெற்ற வண்டிகள், கூட்டமுள்ள பாதைகளில் மட்டும் முந்திச் சென்று பயணிகளை அள்ளிக்கொண்டன. 1930ஆம் ஆண்டுச் சாலைப் போக்குவரத்துச் சட்டம் வழித்தட உரிமத்தையும் போக்குவரத்து ஆணையர்களையும் ஏற்படுத்தி ஒழுங்கு கொணர்ந்தது. 1931இல் ராயல் கமிஷன், புதிய டிராம் பாதைகள் வேண்டாம் என்றும் இருப்பவற்றைப் படிப்படியாக மாற்றலாம் என்றும் பரிந்துரைத்தது. மின்நிலையங்கள் 1948இல் தேசியமயமானபோது மாநகராட்சிகளுக்கு டிராமைக் காக்க இருந்த இன்னொரு காரணமும் போயிற்று. லண்டன் 1952இலும், லிவர்பூல் 1957இலும், ஷெபீல்டு 1960இலும், கிளாஸ்கோ 1962இலும் விடைகொடுத்தன. சென்னையில் 1895இல் தொடங்கிய டிராம் 1953இல் நின்றதும் இதே காலத்தில்தான். பிரிட்டிஷ் நகரத் தெருக்களில் மின்சார டிராம் பிளாக்பூலில் மட்டுமே எஞ்சியது. 1911இல் லீட்சிலும் பிராட்போர்டிலும் தொடங்கிய டிராலி பஸ்ஸும் 1972இல் முடிவுற்றது.

பஸ்ஸின் வெற்றி நீடித்ததா? சொந்தக் கார் பெருகியதும் பயணிகள் குறைந்தனர். 1970களின் நடுவிலிருந்து தெற்கு யார்க்சயர் கவுண்டி மன்றம் கட்டணத்தை உயர்த்தாமல் மானியம் அளித்தது. 1986இல் அம்மன்றமே கலைக்கப்பட்டதும் கட்டணம் ஒரேயடியாக உயர்ந்தது. 1981இல் லண்டன் பெருநகர மன்றம் செய்த கட்டணக் குறைப்பைப் பிரபுக்கள் சபை சட்டவிரோதம் என்று தள்ளியது. 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1986 அக்டோபர் முதல், லண்டன் நீங்கலாக, 42 நாள் முன்னறிவிப்புக் கொடுத்த எவரும் பஸ் ஓட்டலாம் என்றாயிற்று. லாபமுள்ள தடங்களில் பஸ்கள் ஒன்றையொன்று முந்தின. மாலை வேளையையும் குடியிருப்புகளின் ஓரப் பாதைகளையும் மானியத்தால்தான் காக்க முடிந்தது. அடுத்த முப்பது ஆண்டுகளில் இங்கிலாந்தின் பிற பெருநகரப் பகுதிகளில் பஸ் பயணங்கள் பாதிக்கும் மேல் குறைந்தன. தடத்தையும் கட்டணத்தையும் அரசு அமைப்பே வகுத்து ஒப்பந்த முறையில் நடத்திய லண்டனில் அவை ஏறத்தாழ இரு மடங்காயின. லண்டனின் மக்கள் நெருக்கமும், 2003இல் வந்த நெரிசல் கட்டணமும் இதில் பங்கு கொண்டவை என்பதை மறுப்பதற்கில்லை; ஆயினும் வேறுபாடு முழுவதையும் அவற்றின் கணக்கில் எழுதிவிட முடியாது.

டிராமும் திரும்பி வந்தது: மான்செஸ்டரில் 1992இல், ஷெபீல்டில் 1994இல், நாட்டிங்காமில் 2004இல். எடின்பரோவில் 2014இல் திறக்கப்பட்டபோது செலவு 77 கோடி பவுனைத் தாண்டியிருந்தது. ஒரு காலத்தில் கையிலிருந்த பாதைகளை 1956இல் மூடிய நகரம் அது. 2017ஆம் ஆண்டுச் சட்டத்தைப் பயன்படுத்தி, பெரு மான்செஸ்டர் நிர்வாகம் 2023 செப்டம்பரில் தொடங்கி 2025 ஜனவரிக்குள் தன் பகுதிப் பஸ்கள் அனைத்தையும் மீண்டும் பொதுக் கட்டுப்பாட்டில் கொணர்ந்தது. தடமும் கட்டணமும் நேர அட்டவணையும் நிர்வாகத்தின் பொறுப்பு. வண்டி ஓட்டுவது ஒப்பந்தம் பெற்ற நிறுவனங்களின் வேலை. டிராமுக்கும் பஸ்ஸுக்கும் ஒரே மஞ்சள் வண்ணம் பூசப்பட்டுள்ளது.