ஊமைப்படம் எடுத்த வாள்வீரர்

கொச்சியிலும் மட்டாஞ்சேரியிலும் வாழும் தமிழர் பலர் அப்பகுதிக் கிறிஸ்தவ மக்கள் ஆடும் சவிட்டு நாடகத்தைக் கண்டிருப்பீர்கள். மேடைப் பலகை அதிர வாளோடு வாள் மோத, காரல்மான் சக்கரவர்த்தியின் வீரர்கள் பாடும் பாட்டில் தமிழ்ச் சொற்கள் வந்து விழுவதைக் கேட்டு வியந்துமிருப்பீர்கள். அந்தக் கேரள நாட்டின் முதல் திரைப்படத்துக்கும் மூலகாரணம் ஒருவர் வாள்வீச்சின்மேல் கொண்டிருந்த காதலேயாகும்.

அவர் அகஸ்தீஸ்வரத்து ஜே. சி. டேனியல். வாட்போர்க் கலையைப் பற்றி ஆங்கிலத்தில் நூல் எழுதியவர். அக்கலையை உலகறியச் செய்யத் திரைப்படமே தக்க வழி எனக் கருதிச் சென்னைக்கும் பம்பாய்க்கும் சென்றார். நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ஒரு படப்பிடிப்பு நிலையமும் அமைத்தார். எனினும் அவர் எடுத்த ‘விகதகுமாரன்’ வாட்போர்க் கதையன்று. இலங்கைக்குக் கடத்தப்பட்டுத் தோட்டக் கூலியாகும் ஒரு சிறுவனின் கதை. பிழைப்புக்காகக் கடல் கடந்தோர் மிகுந்திருந்த நாளில் அது எத்துணைப் பொருத்தமான கதை!

அக்காலத்தில் ஜப்பானில், தலைவனின்றி அலையும் வாள்வீரரைப் பற்றிய ஊமைப்படங்கள் மிகுதியாக வந்துகொண்டிருந்தன. 1925இல் வந்த ‘ஓரோச்சி’ அவற்றுள் புகழ்பெற்றது. பாண்டோ ட்சுமசபுரோ நடித்தது. நேர்மையுள்ள ஒருவன் செல்லுமிடமெல்லாம் தீயவன் எனத் தூற்றப்பட்டு, முடிவில் பெருங்கூட்டத்தைத் தன்னந்தனியே எதிர்த்து நிற்கிறான். இத்தகைய படங்களுக்குத் திரையருகே நின்று கதை சொல்வோர் ‘பென்ஷி’ எனப்பட்டனர். நம் கொட்டகைகளிலும் கதை விளக்குவோர் இருந்ததுண்டு. பிற்காலத்துப் பென்ஷியான மட்சுடா ஷுன்சுயி பழைய படச்சுருள்களைத் தேடித்தேடிச் சேர்த்து வைத்தார். ‘ஓரோச்சி’யை இன்றும் காணலாம்.

விகதகுமாரனுக்கு அந்தப் பேறு வாய்க்கவில்லை. ஒடுக்கப்பட்ட குலத்துப் பெண்ணான பி. கே. ரோஸி நாயர் குலப் பெண்ணாக நடித்ததைப் பொறாதவர்கள் திரைமீது கல்லெறிந்தனர். அவர் ஊரைவிட்டே ஓட நேர்ந்தது. பொருளிழந்த டேனியல் தமிழகத்தில் பல் மருத்துவராகப் பிழைத்தார். 1956இல் அகஸ்தீஸ்வரம் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. முதுமையில் அவர் கலைஞர் உதவித்தொகை கோரியபோது, தமிழ்நாட்டில் வாழ்பவர் என்று கூறிக் கேரள அரசு மறுத்துவிட்டதாக எழுதியிருக்கிறார்கள். எல்லைக்கோட்டுக்கு இப்பாலும் அவரைத் தம்மவர் என்று ஏற்பார் இலர். அவருக்காக வாதாடிய சேலங்ஙாட்டு கோபாலகிருஷ்ணன் ஒரு மலையாளப் பத்திரிகையாளர் என்பதை நாம் மறக்கலாகாது.

டேனியல் 1975இல் காலமானார். கேரள அரசு 1992இல் அவர் பெயரால் திரைப்பட விருதொன்றை நிறுவியது. படமோ அதற்கு நெடுங்காலம் முன்பே அழிந்து போயிற்று. ஒரு சில நிழற்படங்களே எஞ்சியுள்ளன.